நாமும் நாங்களும்: தொடக்கக் காலக் கிறித்தவ எழுத்துகளும் சமூக அடையாளமும்



இன்றைய பொருளைப் பற்றிப் பேச நான் சமயவியல் அறிஞனாக இங்கு நிற்கவில்லை. மொழியியல் மாணவனாகவே நிற்கிறேன். எனவே, ஒரு நம்பிக்கை மெய்யா பொய்யா என்னும் வினாவுக்குள் இவ்வுரை நுழையாது. பிறப்பாலும் நாட்டாலும் மொழியாலும் ஒன்றாக இல்லாத மக்கள், ஏறத்தாழ நூறாண்டுக்குள், தம்மை ஒரே கூட்டமாக எண்ணிக்கொள்ள எழுத்து எவ்வாறு துணை நின்றது என்பதே என் வினா. அவ்வெழுத்தில் இருந்த சொற்கள் யாரை உள்ளே அழைத்தன, யாரை வெளியே நிறுத்தின என்பது அதன் மறுபாதி.

இவ்வினா எனக்குள் எழுந்தது ஒரு வகுப்பறையில்தான். பல ஆண்டுகளுக்கு முன் மொழிபெயர்ப்புப் பயிற்சி வகுப்பொன்றில், பவுலின் மடலிலிருந்து ஒரு பகுதியைக் கொடுத்துத் தமிழாக்கச் சொன்னேன். ஒரு மாணவர் ‘நாம்’ என்று எழுதினார். அடுத்திருந்தவர் ‘நாங்கள்’ என்று எழுதினார். இருவரும் வாதிட்டு ஓய்ந்தபின் ஒருவர் கேட்டார்: “ஐயா, கேட்பவர்கள் உள்ளே இருக்கிறார்களா, வெளியே நிற்கிறார்களா என்று தெரியாமல் இதை எப்படி மொழிபெயர்ப்பது?” அன்று என்னால் நிறைவான விடை சொல்ல இயலவில்லை. இன்று சொல்ல முயல்கிறேன்.

மடல்களும் கேட்போரும்

கிறித்தவ எழுத்துகளில் இன்று நமக்குக் கிடைப்பவற்றுள் மிகப் பழையவை நற்செய்தி நூல்கள் அல்ல. பவுல் எழுதிய மடல்களே. அவற்றுள்ளும் தெசலோனிக்கா நகரத்தார்க்கு எழுதிய முதல் மடலே பழையது என்பர் அறிஞருட் பெரும்பாலோர். அதன் காலம் ஏறத்தாழ கி.பி. 50. இயேசு சிலுவையில் அறையப்பட்டு இருபது ஆண்டுகளே கடந்திருந்த காலம் அது. ‘புதிய ஏற்பாடு’ என்றொரு நூல் அப்போது இல்லை. கோயில் கட்டடங்களும் இல்லை. வீடுகளில் கூடிய சிறு சிறு குழுக்களே இருந்தன.

அக்குழுக்களில் எழுதப் படிக்கத் தெரிந்தோர் சிலரே. ஆதலின் ஒரு மடல் வந்தால் ஒருவர் வாசிப்பார், மற்றவர் கேட்பர். தெசலோனிக்கருக்கு எழுதிய மடலின் இறுதியில், அதை எல்லாச் சகோதரருக்கும் வாசித்துக் காட்ட வேண்டுமெனப் பவுல் ஆணையிட்டே கேட்டுக்கொள்கிறார். கொலோசையருக்கு எழுதிய மடலோ, அதை லவோதிக்கேயா ஊர்ச் சபைக்கும் அனுப்பி, அங்குள்ள மடலை வாங்கி வாசிக்கும்படி சொல்கிறது. மடல் ஊர்விட்டு ஊர் சென்றது. ஒருவரையொருவர் முகம் பார்த்திராத மக்கள் ஒரே சொற்களைக் கேட்டனர். ஒரே சொற்களைக் கேட்போர் காலப்போக்கில் தம்மை ஒரே கூட்டத்தார் என்று உணரத் தொடங்குவது இயல்பு.

நாம், நாங்கள்

தமிழில் தன்மைப் பன்மை இரு வகைப்படும் என்பதை நீங்கள் அறிவீர்கள். முன்னிலையாரையும் சேர்த்துக்கொள்வது ‘நாம்’. அவரை விலக்கி நிற்பது ‘நாங்கள்’. பழந்தமிழில் ‘நாம்’, ‘யாம்’ என நின்றவையும் இவ்வேறுபாட்டையே காட்டின. முன்னிலையாரைச் சேர்க்கும் வடிவை உளப்பாட்டுத் தன்மைப் பன்மை என்பர். இந்நாட்டில் வாழும் நமக்கு இது மேலும் எளிதில் விளங்கும். மலாய் மொழியின் ‘கீத்தா’வும் ‘காமி’யும் இதே வேறுபாட்டைக் காட்டுகின்றன அல்லவா?

கிரேக்கத்தில் இவ்வேறுபாடு இல்லை. ‘ஹேமெய்ஸ்’ என்னும் ஒரே சொல் இரண்டிற்கும் பொது. கேட்பவர் உள்ளா வெளியா என்பதைச் சூழலே உணர்த்த வேண்டும்.

தெசலோனிக்கர் மடலை இக்கண்கொண்டு படித்துப் பாருங்கள். தொடக்கத்தில் வரும் தன்மைப் பன்மை பெரும்பாலும் பவுலையும் அவருடைய உடனுழைப்பாளரையுமே குறிக்கிறது: உங்களிடம் வந்தோம், உழைத்தோம், அறிவித்தோம் என்னும் பொருளில். தமிழில் அது ‘நாங்கள்’. ஐந்தாம் அதிகாரத்தில், ‘நீங்கள் எல்லாரும் ஒளிக்கு உரியவர்கள்’ என்னும் கருத்தை முன்னிலையில் சொல்லிவந்தவர், அதே மூச்சில், ‘இருளுக்கு உரியவர்கள் அல்லோம்’ என்று தன்மைக்கு மாறிவிடுகிறார். அந்த மாற்றத்தை இலக்கணப் பிழை என்று தள்ளிவிடலாகாது. நீங்கள் என்று தொடங்கிய தொடர் நாம் என்று முடியும்போது கேட்பவர் உள்ளே வந்துவிடுகிறார். அடையாள உருவாக்கம் ஒரு வினைமுற்றின் விகுதியில் நிகழ்ந்துவிடுகிறது.

கலாத்தியருக்கு எழுதிய மடலில் இது சிக்கலாகிறது. அந்தியோக்கியாவில், யூதரல்லாதாரோடு ஒரே பந்தியில் உண்டு வந்த கேபா, அதாவது பேதுரு, சிலர் வந்தபின் விலகிக்கொண்டார். அதைக் கண்டித்துத் தாம் பேசியதைப் பவுல் எடுத்துரைக்கிறார். அவ்வுரையில் பிறப்பால் யூதரான ‘நாம்’ என்று வருகிறது. அந்த ‘நாம்’ பேதுருவை உட்படுத்துகிறது. மடலைக் கேட்டுக்கொண்டிருக்கும் கலாத்தியரை அல்ல. ஆனால் பழங்கிரேக்க எழுத்தில் மேற்கோள் குறி இல்லை. பேதுருவிடம் பேசியது எங்கே முடிகிறது, கலாத்தியரிடம் பேசுவது எங்கே தொடங்குகிறது என்பதில் அறிஞர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. அடுத்த அதிகாரத்தில், சாபத்திலிருந்து ‘நம்மை’ மீட்டார் என்னுமிடத்தில் அந்த ‘நம்மை’ யூதரை மட்டுமா, அனைவரையுமா குறிக்கிறது என்பதும் நெடுநாளைய வழக்கு.

கிரேக்கர் இதைத் தீர்க்காமலேயே கடந்து செல்லலாம். தமிழருக்கு அந்த வசதி இல்லை. தரங்கம்பாடியில் 1715இல் புதிய ஏற்பாட்டின் முதல் தமிழ் அச்சு நிறைவுற்றது. அன்றுமுதல் ஒவ்வொரு தமிழ் மொழிபெயர்ப்பாளரும் ஒவ்வொரு தன்மைப் பன்மையிலும் ஒரு முடிவெடுத்தே ஆக வேண்டியிருந்தது. சாபத்திலிருந்து மீட்டதைச் சொல்லும் அந்த இடத்தில், தமிழில் பரவலாக வழங்கும் மொழிபெயர்ப்பு ‘நம்மை’ என்றே கொள்கிறது. அதனால் அதைக் கேட்கும் தமிழரும் உள்ளே வந்துவிடுகின்றனர். அது தவறு என்று நான் சொல்லவில்லை. அது ஒரு முடிவு என்று மட்டும் சொல்கிறேன்.

ஊரிலிருந்து எடுத்த சொற்கள்

ஒரு புதிய கூட்டம் தன்னைக் குறிக்கப் புதுச்சொல் படைப்பது அரிது. வழக்கிலுள்ள சொல்லையே எடுத்துப் புதுப்பொருள் ஏற்றும். ‘எக்லேசியா’ என்பது கிரேக்க நகரங்களில் குடிமக்கள் கூடி முடிவெடுக்கும் ஊரவையின் பெயர். எபிரேயத் திருநூலைக் கிரேக்கத்தில் பெயர்த்தோர், இசுரயேல் மக்கள் இறைவன்முன் கூடிய கூட்டத்தையும் இச்சொல்லால் குறித்தனர். பவுல் இதே சொல்லை ஒரு வீட்டில் கூடும் சிறு குழுவுக்கு இடுகிறார். திருத்தூதர் பணிகள் நூலின் 19ஆம் அதிகாரத்தில், எபேசு நகரத்து அரங்கில் கூச்சலிட்டுத் திரண்ட கூட்டத்துக்கும், நகரத்தின் முறையான அவைக்கும் இச்சொல்லே வருகிறது. சபையைக் குறிக்கும் சொல் அதற்குள் ‘சமயச்சொல்’ ஆகிவிடவில்லை என்பதற்கு அது சான்று.

இதன் உட்பொருளை எண்ணிப் பாருங்கள். நகர அவையில் அமரும் உரிமை குடியுரிமை பெற்ற ஆடவர்க்கே உண்டு. பெண்டிர்க்கு இல்லை, அடிமைகளுக்கு இல்லை, அயலார்க்கு இல்லை. அவர்களையும் கொண்ட ஒரு சிறு குழு தனக்கு அவை என்று பெயரிட்டுக்கொண்டது. உரோமையருக்கு எழுதிய மடலின் இறுதி அதிகாரத்தில் இருபதுக்கும் மேற்பட்டோர் பெயர் சொல்லி வாழ்த்தப்படுகின்றனர். அவற்றுள் யூதப் பெயர்கள் உண்டு, கிரேக்கப் பெயர்கள் உண்டு, இலத்தீன் பெயர்கள் உண்டு, அக்காலத்தில் அடிமைகள் மிகுதியாகத் தாங்கிய பெயர்களும் உண்டு. கெங்கிரேயாவின் சபைப் பணியாளரான பெபேயாள் அவ்வதிகாரத்தின் தொடக்கத்திலேயே அறிமுகப்படுத்தப்படுகிறார். மடலை எழுதிக்கொடுத்த தெர்தியு என்பவரும் தம் வாழ்த்தைத் தாமே சேர்க்கிறார்.

இரண்டாவது சொல் ‘அடெல்போய்’, சகோதரரே என்னும் விளி. ஐந்தே அதிகாரம் கொண்ட தெசலோனிக்கர் முதல் மடலில் இவ்விளி பதினான்கு முறை வருகிறது. குடும்பத்தையும் குலதெய்வத்தையும் விட்டு விலகி வந்தவருக்கு உறவுச்சொல் அணிகலன் அன்று, இழந்ததற்கு ஈடு. இங்கும் தோட்டங்களிலும் துறைமுகங்களிலும் ஊர் உறவு விட்டு வந்தோர், உடன் வந்தவரை அண்ணன் என்றும் அக்கா என்றும் அழைத்தே ஒரு வாழ்வை அமைத்துக்கொண்டதை நம் முன்னோர் சொல்லக் கேட்டிருக்கிறோம்.

பிறர் இட்ட பெயர்

‘கிறித்தவர்’ என்னும் பெயருக்கு வருவோம். புதிய ஏற்பாடு முழுவதிலும் இச்சொல் மூன்றே இடங்களில் வருகிறது. அந்தியோக்கியாவில்தான் முதன்முதல் அவர்கள் அவ்வாறு அழைக்கப்பட்டனர் என்கிறது திருத்தூதர் பணிகள். ‘கிறிஸ்தியானோய்’ என்பதன் ஈறு இலத்தீனிலிருந்து வந்தது. ஒரு தலைவரின் கட்சியினரைக் குறிக்கும் ஈறு அது. ஏரோதின் பக்கத்தார் ஏரோதியர் எனப்பட்டது போல, கிறிஸ்துவின் பக்கத்தார் இவ்வாறு அழைக்கப்பட்டனர். பவுலின் மடல்களில் இச்சொல் ஓரிடத்திலும் இல்லை. உள்ளிருந்தோர் தம்மைச் சகோதரர் என்றும் தூயோர் என்றும் சொல்லிக்கொண்டிருக்க, வெளியிலிருந்தோர் இட்ட பெயராகவே இதைக் கொள்ளத் தோன்றுகிறது.

அப்பெயர் எவ்வளவு கடுமையானதாயிற்று என்பதற்குப் பித்தினியா, பொந்து பகுதிகளின் ஆளுநராக இருந்த பிளினி ஏறத்தாழ 112இல் பேரரசர் திராயானுக்கு எழுதிய மடல் சான்று. பெயரைத் தாங்கியிருப்பதே குற்றமா, அப்பெயரோடு ஒட்டிய குற்றச்செயல்கள்தாம் தண்டனைக்குரியனவா என்று அவர் கேட்கிறார். உசாவிப் பார்த்ததில், குறித்த நாளில் விடியுமுன் கூடிக் கிறிஸ்துவைப் பாடுவதும் எளிய உணவு உண்பதுமே அவர்கள் செய்கை எனத் தெரிந்ததாம். அதை உறுதிசெய்ய, பணியாளர் என்று தம்முள் அழைக்கப்பட்ட இரண்டு அடிமைப் பெண்களை வதைத்து விசாரித்ததாகவும் எழுதுகிறார். அவ்விருவர் பெயரும் நமக்குக் கிடைக்கவில்லை.

பேதுரு முதல் மடல் இதே பெயரை எடுத்து, அதன்பொருட்டுத் துன்புற்றால் வெட்கப்பட வேண்டா என்று அறிவுறுத்துகிறது. பழிப்பெயர் அங்கே பெருமைப் பெயராகத் திரும்புகிறது. அந்தியோக்கியாவின் இஞ்ஞாசியார் இரண்டாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் உரோமைக்குக் கைதியாகக் கொண்டுசெல்லப்பட்டபோது எழுதிய மடல்களில், ‘கிறித்தவம்’ என்னும் பண்புப்பெயர் முதன்முதல் தோன்றுகிறது. 180இல் கார்த்தேசு நகரத்து நீதிமன்றத்தில் சில்லியத்தைச் சேர்ந்த பன்னிருவர் அப்பெயரை அறிக்கையிட்டே உயிர் நீத்தனர். உங்கள் பெட்டியில் என்ன இருக்கிறது என்று ஆளுநர் கேட்க, நூல்களும் பவுலின் மடல்களும் என்று அவர்களுள் ஒருவர் விடையளித்ததாக அந்நீதிமன்றப் பதிவு கூறுகிறது. பெயரும் நூலும் ஓரிடத்தில் சேர்ந்துவிட்டதை அப்பெட்டி காட்டுகிறது.

நாளும் நூலும்

அடையாளம் சொல்லோடு நிற்பதில்லை, நாட்காட்டிக்குள்ளும் நுழைகிறது. ‘திதாக்கே’ என்னும் சிறு கையேடு, பிறர் திங்களும் வியாழனும் நோன்பிருக்கிறார்கள், நீங்கள் புதனும் வெள்ளியும் இருங்கள் என்று விதிக்கிறது. நோன்பு ஒன்றே, நாள்தான் வேறு. மிக நெருங்கி வாழ்வோரே இத்தகைய சிறு வேறுபாட்டைப் பெரிதாகப் பேண வேண்டியிருக்கும்.

உரோமையில் ஏறத்தாழ 155இல் யுஸ்தீன் எழுதிய விண்ணப்பத்தில், ஞாயிறு தோறும் கூடி, திருத்தூதரின் நினைவுரைகளையோ இறைவாக்கினர் எழுத்துகளையோ நேரம் இடந்தரும் அளவுக்கு வாசித்தனர் என்னும் செய்தி உள்ளது. நூலின் வடிவமும் தனித்தது. அக்காலக் கிரேக்க இலக்கியம் பெரும்பாலும் சுருளில் எழுதப்பட, கிறித்தவர் ஏடுகளை மடித்துத் தைத்த புத்தக வடிவை விரும்பினர். ஏறத்தாழ 200ஆம் ஆண்டைச் சேர்ந்த பவுல் மடல்களின் பாப்பிரஸ் படியொன்று அவ்வடிவில் இன்றும் உள்ளது. எவை வாசிக்கத் தக்கன என்னும் வழக்கு மேலும் நீண்டது. இன்று வழங்கும் 27 நூல்களையே பட்டியலிடும் மிகப் பழைய சான்று, அலெக்சாந்திரியாவின் அத்தனாசியார் 367இல் எழுதிய மடல். ஆக, சமூகம் நூலைத் தெரிந்தெடுத்தது. அந்நூல் சமூகத்தை உருவாக்கியது. இரண்டும் ஒரே காலத்தில் நிகழ்ந்தன.

வந்து தங்கியோர்

நமக்கு நெருக்கமான ஒரு சொல்லைச் சொல்ல வேண்டும். ‘பரோய்கோஸ்’ என்பது ஓர் ஊரில் வாழ்ந்தும் அவ்வூர்க் குடியுரிமை இல்லாதவரைக் குறிப்பது. பேதுரு முதல் மடல் தன் கேட்போரை இச்சொல்லால் அழைக்கிறது. முதல் நூற்றாண்டின் இறுதியில் உரோமைச் சபை கொரிந்துச் சபைக்கு எழுதிய மடல், உரோமையில் வந்து தங்கியிருக்கும் சபை கொரிந்தில் வந்து தங்கியிருக்கும் சபைக்கு எழுதுவது என்று தொடங்குகிறது. தியோஞ்ஞேத்துக்கு எழுதிய மடல் என வழங்கும் பிற்கால எழுத்தோ, நாட்டாலோ மொழியாலோ உடையாலோ கிறித்தவர் வேறுபட்டோர் அல்லர் என்றும், எந்நாடும் அவர்க்குச் சொந்தம், எந்நாடும் அவர்க்கு அயல் என்றும் பொருள்படப் பேசுகிறது.

இச்சொல் பின்னர் அடைந்த பொருள்மாற்றம் மொழியியலாரைத் திகைக்க வைப்பது. ‘பரோய்கியா’ என்னும் ‘தங்கல்’ இலத்தீனுக்குச் சென்று, பின் ஐரோப்பிய மொழிகள் பலவற்றில், எல்லை வகுத்த கோயிற் பகுதியின் பெயராயிற்று. தமிழ்க் கத்தோலிக்கர் ‘பங்கு’ என்பதுவே அது. நிலமற்றோர் தமக்கிட்ட பெயர் நிலத்தின் பெயராக மாறியது. வந்து தங்கியோர் நிலைபெற்ற பின், பின்னால் வந்து தங்குவோரை எப்படி நடத்துகிறார்கள் என்று அச்சொல் ஒவ்வொரு தலைமுறையையும் கேட்டுக்கொண்டே இருப்பதாக எனக்குத் தோன்றுகிறது.

வெளியே நிறுத்தப்பட்டோர்

இனி மறுபாதி. பவுலின் மடல்களிலேயே ‘வெளியிலிருப்போர்’ என்னும் தொடர் வருகிறது. ‘நாம்’ என்று ஒரு கோடு கிழித்தால் ‘அவர்கள்’ என்று ஒரு பக்கம் உண்டாகத்தான் செய்யும். யோவான் நற்செய்தியில் ‘யூதர்’ என்னும் சொல் எழுபது முறையளவில் வருகிறது. பல இடங்களில் எதிர்நிற்போரின் பெயராக. அதை எழுதியோரும் முதலில் கேட்டோரும் பெரும்பாலும் யூத மரபினரே என்றால், அது ஒரு குடும்பத்துக்குள் நடந்த வழக்கு. இரண்டாம் நூற்றாண்டில் சர்தை நகரத்து மெலித்தோன் பாஸ்கா பற்றிய தம் உரையில் இசுரயேலையே கொலைக்குற்றம் சாட்டியபோது, அது குடும்ப வழக்காக இல்லை. பின்னர் ஆட்சியதிகாரம் கிறித்தவர் கைக்கு வந்தபோது, அதே சொற்கள் சிறுபான்மையரான யூதர் மீது ஆயுதமாயின. யூதர் அனைவர்மீதும் அப்பழியைச் சுமத்தலாகாது என்று கத்தோலிக்கத் திருச்சபையின் இரண்டாம் வத்திக்கான் சங்கம் அறிவித்தது 1965இல். வலியோர் அடக்குகையில் எளியோர் எழுதிய சொல்லை, எளியோர் வலியோரான பின் அவ்வாறே வாசித்தால் பொருள் மாறிவிடும். எழுத்து மாறவில்லை, அதை வாசிப்பவர் நின்ற இடம் மாறியிருந்தது.

உள்ளே வந்தோரும் முழுதாக வந்துவிட்டனரா? ஒனேசிமு என்னும் அடிமையை இனி அடிமையாக அன்றிச் சகோதரனாக ஏற்கும்படி பிலமோனுக்குப் பவுல் எழுதுகிறார். ஆனால் அடிமைமுறை தொடர்ந்தது. அடிமைகள் தலைவர்க்குக் கீழ்ப்படிய வேண்டும் என்னும் அறிவுரையும் அதே தொகுப்பில் உள்ளது. கொரிந்தில் பொதுப்பந்தியில் சிலர் வயிறு நிறைய உண்டு குடிக்க, சிலர் பசியோடிருந்ததைப் பவுலே கண்டிக்கிறார். சகோதரர் என்னும் சொல் பந்தியில் வந்து அமர நெடுங்காலம் ஆகும் என்பதைத் தமிழகத்துச் சாதிக் கிறித்தவ வரலாறும் நமக்குக் காட்டியிருக்கிறது.

ஆசிரியர்களுக்கு ஒரு வேண்டுகோள்

தமிழ்நாட்டிலும் இலங்கையிலும் கிறித்தவரை ‘வேதக்காரர்’ என்று ஊரார் அழைத்த வழக்கு உண்டு. அங்கும் பெயர் வெளியிலிருந்தே வந்தது. அங்கும் நூலே அடையாளமாயிற்று. பல நூற்றாண்டு இடைவெளியில் ஒரே நிகழ்வு இருமுறை நடந்ததைப் போன்றது அது.

என் மாணவரின் வினாவுக்கு இப்போது விடை சொல்கிறேன். கேட்பவர் உள்ளே இருக்கிறாரா, வெளியே நிற்கிறாரா என்பது பல வேளைகளில் முன்னரே முடிவானதன்று. சொல்பவர் ‘நாம்’ என்னும்போதுதான் அது முடிவாகிறது. கிரேக்கத்தில் மறைந்திருக்கும் அம்முடிவைத் தமிழ் வெளிப்படையாக்குகிறது. இது தமிழின் குறை அன்று. தமிழ் நமக்குத் தரும் பொறுப்பு.

பல இனத்தாரும் சமயத்தாரும் அமர்ந்திருக்கும் வகுப்பறைகளில் நீங்கள் கற்பிக்கிறீர்கள். பாடநூலில் ‘நம் முன்னோர்’, ‘நம் சமயம்’, ‘நம் பண்டிகை’ என்று வருமிடங்களில் ஒரு நொடி நின்று, கடைசி வரிசை மாணவரைப் பாருங்கள். அவர் அந்த ‘நம்’முக்குள் இருக்கிறாரா என்று உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள். இல்லையெனில் ‘எங்கள்’ என்று நேர்மையாகச் சொல்லி, அவருடையதையும் சொல்லக் கேளுங்கள். அல்லது அவரையும் உட்கொள்ளும் ‘நாம்’ ஒன்றைத் தேடுங்கள். இரண்டிற்கும் வேண்டிய சொல் நம் மொழியில் உண்டு.